விருந்தாளி, காவலாளி, துப்பாக்கி

காவலுக்கு வர வேண்டிய ஆளைக் காணவில்லை.

அனுமதிக் கடிதம் வண்டிக்காரர் ரோப்லேயின் சட்டைப்பையில் வியர்வையில் நனைந்துகொண்டிருந்தது. வெள்ளைக்கார விருந்தாளி வண்டிக்குள் உட்கார்ந்து மூன்றாவது முறையாகக் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். வொய்டெக் என்று பெயர். ஸ்லோவாக்கியாவில் முப்பத்தேழு வருஷம் ரயிலில் டிக்கெட் பரிசோதகராக இருந்து ஓய்வு பெற்றவர். உலகம் ஒப்புக்கொள்ளாத நாடுகளாகத் தேடிப் போய்ப் பார்ப்பது அவருடைய பொழுதுபோக்கு. எங்கள் சோமாலிலாந்து அவருக்கு ஐந்தாவது இல்லாத நாடு.

ஹர்கேசாவை விட்டு வெளிநாட்டுக்காரர் வெளியே போனால் கூடவே துப்பாக்கியோடு ஒரு போலீஸ்காரர் போக வேண்டும். அது சட்டம். வருகிற நாலு விருந்தாளிகளில் ஒருவருக்குக் காலில் முள் தைத்தால்கூட, பார்த்தாயா, அதெல்லாம் ஒரு நாடே இல்லை என்று சொல்லிவிடுவார்களாம். அதனால் முள்ளைச் சுடுவதற்கு ஒரு துப்பாக்கி.

ரோப்லே காவல் நிலையத்துக்குள் போனார். மேசைக்குப் பின்னால் அதிகாரி தங்கப்பல், இரண்டு காதிலும் இரண்டு போனை வைத்துக்கொண்டு மூன்றாவது ஆளைத் திட்டிக்கொண்டிருந்தார். அவருக்கும் தாய் வைத்த பெயர் ஒன்று இருக்கும். எங்கள் ஊரில் தாய் வைத்த பெயர் அல்லாவுக்கும் பாஸ்போர்ட்டுக்கும். மற்றவர்களுக்குப் பட்டப்பெயர்தான். நொண்டி என்றால் நொண்டி, குருடன் என்றால் குருடன். யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். கோபித்தால் அதையும் சேர்த்து வைத்துவிடுவார்கள்.

“ஐயா, எனக்குக் காவல் ஆளு...”

“நீயா? போன மாசம் என்ன பண்ண?”

“அந்தக் காவல்காரன் பாதி வழியில மாமியார் ஊர்ல இறங்கிட்டான் ஐயா. கறிக்குழம்பு வாசனை வந்துச்சு, போயிட்டான். நான் என்ன பண்றது?”

“அதெல்லாம் தெரியாது. விருந்தாளி, காவலாளி, துப்பாக்கி. இந்த மூணும் பொழுது சாயற மக்ரிபு பாங்குக்கு முன்னாடி இந்த மேசை முன்னால வந்து நிக்கணும். ஒண்ணு குறைஞ்சாலும் விருந்தாளி வண்டி ஓட்டற உன் அனுமதிச் சீட்டக் கிழிச்சு உன் கையிலயே கொடுப்பேன். மறுபடி கல்லு உடைக்கப் போ.”

ரோப்லேயின் இடது கையில் இரண்டு விரல்கள் தாமாகவே மடங்கிக்கொண்டன. இருபத்திரண்டு வருஷம் குவாரியில் கல் உடைத்த கை அது. நாற்பத்தைந்து வயதில் வண்டி ஓட்டக் கற்றுக்கொண்டு, மாலைப் பள்ளியில் எழுத்துக் கூட்டக் கற்றுக்கொண்டு, அந்தச் சீட்டை வாங்கியிருந்தார். இனி ஒரு நாள் சம்மட்டி தூக்கினால் முதுகு தாங்காது என்று அவருக்குத் தெரியும். தூக்காவிட்டால் வீட்டில் அடுப்பு தாங்காது.

“மூணும் நிக்கும் ஐயா. யாரக் கூட்டிட்டுப் போக?”

“நெட்டை. பின்னால முற்றத்துல பெஞ்சுல கெடப்பான். இழுத்துட்டுப் போ.” தங்கப்பல் மறுபடி போனுக்குத் திரும்பினார்.

முற்றத்தில் ஒரே ஒரு ஆள் இருந்தான். பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோதே ரோப்லேயின் தோள் உயரம் இருந்தான். பக்கத்துச் சுவரில் ஒரு துப்பாக்கி சாய்த்து வைத்திருந்தது.

“நீதானே நெட்டை?”

“அப்படித்தான் கூப்பிடுவாங்க.”

“எந்திரி, கிளம்பு.”

அவன் எழுந்திருக்கவில்லை. “இப்பவா? நாளைக்குன்னு சொன்னாங்களே.”

“யாரு சொன்னா? இன்னைக்குத்தான். இதோ கடிதம், முத்திரை எல்லாம் இருக்கு பாரு.”

அவன் முத்திரையையே பார்த்தான். எழுத்துத் தெரியாத ஆள் என்று ரோப்லேக்குப் புரிந்தது. அவரும் ஒரு காலத்தில் காகிதத்தை அப்படித்தான் பார்த்தவர்.

“சரி. ரெண்டு ரக்அத் தொழுதுக்கறேன் அண்ணே.”

“வழியில தொழு. அங்க விருந்தாளி காத்துக் கெடக்காரு.”

“விருந்தாளியா?”

“வெள்ளைக்காரரு. லாஸ் கேல் குகைக்குப் போறோம். ஓவியம் பாக்க.”

நெட்டை ரோப்லேயை மேலும் கீழும் பார்த்தான். பிறகு வாசலைப் பார்த்தான். பிறகு வானத்தைப் பார்த்தான். தூங்கி எழுந்த சோம்பேறி என்று ரோப்லே முடிவு செய்தார்.

“துப்பாக்கிய எடுய்யா.”

“நானா?”

“பின்ன நானா தூக்குவேன்? அது உனக்குத்தானே?”

“எனக்குத்தான்னு தெரியும் அண்ணே. ஆனா என் கையில குடுப்பாங்கன்னு நினைக்கல.”

“புது ஆளா நீ? சேந்து எத்தனை நாளாச்சு?”

“இங்க வந்து ஏழு மாசம்.”

“ஏழு மாசத்துல ஒரு துப்பாக்கி குடுக்கல, நல்லா நடத்துறாங்கப்பா நாட்ட. உடுப்பு எங்க?”

“எனக்கு உடுப்பெல்லாம் குடுக்கல.”

ரோப்லே தலையில் அடித்துக்கொண்டார். உடுப்பில்லாத காவலாளியைச் சோதனைச் சாவடியில் விடமாட்டார்கள். வண்டியின் பின்னால் ஓட்டல் காவல்காரரான அவருடைய மச்சானின் பச்சைச் சட்டை கிடந்தது. அதை எடுத்து மாட்டிவிட்டார். கை முழங்கையோடு நின்றது. முதுகில் ‘நல்வரவு’ என்று தைத்திருந்தது.

முதல் சாவடியில் சிப்பாய் குனிந்து உள்ளே பார்த்தான். இடுப்பில் லுங்கி, காலில் ரப்பர் செருப்பு, மடியில் துப்பாக்கி, முதுகில் நல்வரவு.

“இதுதான் உங்க போலீஸா? சட்டை எந்த ஓட்டல்ல திருடினது?”

ரோப்லேக்கு அந்த நொடியில் ஒன்று தோன்றியது. தோன்றாமல் இருந்திருக்கலாம். குரலைத் தாழ்த்தி, “சத்தம் போடாத தம்பி. உடுப்பு போடாத போலீஸும் இருக்கு, தெரியாதா உனக்கு?” என்றார்.

“ரகசியப் போலீஸா?”

“நான் சொல்லல. நீதான் சொன்ன.”

“அப்ப உள்ள இருக்கற வெள்ளைக்காரர்?”

“அதையும் நான் சொல்லல.”

சிப்பாய் நிமிர்ந்து ஒரு சலாம் வைத்தான். சாலைக்குக் குறுக்கே கட்டியிருந்த கயிறு இறங்கியது. வண்டி கொஞ்ச தூரம் போன பிறகு ரோப்லே கண்ணாடியில் பார்த்தார். சிப்பாய் போனை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டிருந்தான்.

எங்கள் ஊரில் ஒருவரைப் பார்த்தால் சுகமா என்று கேட்பதற்கு முன்னால் செய்தி என்ன என்று கேட்போம். கேட்டவருக்குச் சொல்லாமல் போவது எச்சில் துப்பிவிட்டுப் போவது மாதிரி. ஆகவே அந்தச் சாவடியைத் தாண்டிய லாரிக்காரர், ஒட்டகக்காரர், பால் கேனோடு பஸ்ஸில் ஏறிய பெண்கள் எல்லோருக்கும் செய்தி கிடைத்தது. ஒவ்வொரு வாயிலும் அது ஒரு விரல்கடை வளர்ந்தது.

முதலில் ரோப்லேயின் போன் அடித்தது. பெரியப்பா மகன்.

“ரோப்லே, உன் வண்டில தூதரா வர்றாரு? என் பையனுக்கு ஒரு விசா கேளுப்பா.”

வைத்தவுடன் மறுபடி அடித்தது. பிறகு ஒரு வானொலிக்காரர். பிறகு இருபது வருஷமாகப் பேசாத சம்பந்தி. ஒன்பது அழைப்பு வந்த பிறகு ரோப்லே போனை அணைத்துச் சட்டைப்பையில் போட்டுவிட்டார். பிரச்சினை தீர்ந்தது என்று நினைத்துக்கொண்டார்.

“எத்தனை வருஷமா லீவு கெடைக்கல உனக்கு?” என்று நெட்டையைப் பேச்சுக்கு இழுத்தார்.

“லீவா? வெளிய விட்டதே இல்ல. இன்னைக்குத்தான் மொதல் தடவ.”

“சாப்பாடு?”

“அது குடுப்பாங்க. ரெண்டு வேளை.”

“சம்பளம்?”

நெட்டை சிரித்தான். ரோப்லேயும் சிரித்தார். அரசாங்க உத்தியோகத்தைப் பற்றி வேறு என்ன சொல்வது.

பெர்பரா சாலையில் ஓரிடத்தில் மலைப்பக்கம் ஒரு மண்சாலை பிரிகிறது. நெட்டை கழுத்தைத் திருப்பி அதையே பார்த்தான். அந்த முனையில் இருப்பது சிறைச்சாலை.

“நாளைக்கு அங்க போகணும் அண்ணே. இன்னைக்கே போயிருக்கணும். வண்டி டயர் போச்சாம்.”

“அங்க மாத்திட்டாங்களா? அய்யோ பாவம். வனாந்தரம்ல அது.”

“போனவங்க யாரும் குறை சொன்னதில்ல.”

“உன்ன மாதிரி வாயில்லாப் பூச்சியாப் பாத்துத்தான் அனுப்புறாங்க. நீ ஏன் ஒத்துக்கிட்ட?”

“ஒத்துக்கற மாதிரி ஒண்ணு பண்ணிட்டேன்.”

அதற்கு மேல் கேட்க ரோப்லேக்கு நேரமில்லை. சாலையின் குறுக்கே கற்களை அடுக்கி ஒரு ஊரே நின்றுகொண்டிருந்தது. முன்னால் வெள்ளைத் தொப்பியும் சிவப்புத் தாடியுமாக ஹாஜி ஜிர்தே. அந்த ஊர்ப் பெரியவர். பக்கத்தில் ஒரு செம்மறிக் கிடா, தனக்கு என்ன வரப்போகிறது என்று தெரியாமல் தாடியை மோந்துகொண்டிருந்தது.

“வாங்க வாங்க! எங்கள அங்கீகரிக்க வந்த ஐயா வாங்க!”

“ஹாஜி, இவர் அப்படி ஆளில்ல...”

“ரகசியம்னு தெரியும். எங்க ஊருக்குள்ளயே வெச்சுக்கறோம்.” ஊருக்குள் இருநூறு பேர் நின்றார்கள்.

வொய்டெக் கீழே இறங்கிவிட்டார். அவருக்கு ஒரே சந்தோஷம். நான்கு இல்லாத நாடுகளிலும் அவரை யாரும் எதிர்கொண்டு அழைத்ததில்லை.

ஹாஜி தடியை ஊன்றிப் பேசினார். பிணங்களைப் பற்றிப் பேசினார். குண்டு போட்ட விமானங்களைப் பற்றி, அகதி முகாமில் பிறந்து அங்கேயே புதைந்த பிள்ளைகளைப் பற்றி. “எங்களுக்குக் கொடி இருக்கு, காசு இருக்கு, ஓட்டுப் போடறோம், ஓட்டுப்பெட்டியத் தூக்கிட்டு ஓடக்கூட இல்ல. இன்னும் என்ன வேணும் உங்களுக்கு? எங்கள எப்ப ஏத்துப்பீங்க?”

“என்ன கேட்கிறார்?” என்றார் வொய்டெக்.

ரோப்லே வெயிலைப் பார்த்தார். அதையெல்லாம் மொழிபெயர்த்தால் மக்ரிபு வந்துவிடும். “நாடு பிடிச்சிருக்கான்னு கேக்கறாரு,” என்றார் சுருக்கமாக.

வொய்டெக் நெஞ்சில் கை வைத்தார். “முழு மனதோடு!”

அதை ரோப்லே மொழிபெயர்க்காமல் இருந்திருந்தால் தப்பித்திருப்பார். வாய் பழக்கதோஷம். “முழு மனசோடங்கறாரு.”

“ஏத்துக்கிட்டாரு!”

பெண்கள் குலவையிட்டார்கள். யாரோ வானத்தைப் பார்த்துச் சுட்டான். கிடா விழுந்தது. ஒரு கிழவர் உட்கார்ந்து அழுதார். ஹாஜி மட்டும் அனுபவசாலி. பள்ளிக்கூட நோட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்து நீட்டினார்.

“வாய்ப்பேச்சு நிறையக் கேட்டாச்சு. எழுத்துல வேணும்.”

வொய்டெக்குக்குத் தாள் நீட்டினால் ஒன்றுதான் தெரியும். சட்டைப்பையிலிருந்து பழைய டிக்கெட் துளையிடும் கருவியை எடுத்தார். ஓய்வு பெற்றபோது ஞாபகத்துக்கு வைத்துக்கொண்டது. தாளின் மூலையில் க்ளிக் என்று ஒரு துளை போட்டு மரியாதையோடு திருப்பிக் கொடுத்தார்.

ஹாஜி தாளை வெயிலுக்கு நேராகத் தூக்கிப் பார்த்தார். அவருடைய கண்ணில் சின்ன வெளிச்சம் விழுந்தது.

“முப்பது வருஷமா கேட்டுக் கடைசில ஒரு ஓட்டை கெடைச்சிருக்கு,” என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

“வாய மூடுடா. ஓட்டையானாலும் வெளிநாட்டு ஓட்டை.”

கறி வேகும்வரை விடவில்லை. தின்னும்வரையும் விடவில்லை. நெட்டை ஓரமாகக் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, ஒவ்வொரு துண்டையும் ரொம்ப நேரம் மென்று தின்றான். எலும்பைக்கூட உடைத்து உறிஞ்சினான். ரோப்லேதான் நிமிஷத்துக்கொரு தரம் வெயிலைப் பார்த்தார்.

“நேரமானா உங்களுக்கு என்ன ஆகும் அண்ணே?” என்றான் நெட்டை.

“விருந்தாளி, நீ, துப்பாக்கி. மூணுல ஒண்ணு குறைஞ்சாலும் என் சீட்டு போச்சு. கல்லு உடைக்கணும். இந்தக் கையப் பாரு.”

நெட்டை அந்த மடங்கிய விரல்களைத் தொட்டுப் பார்த்தான். “மூணுதானே? கொண்டு சேத்துடலாம்.”

லாஸ் கேல் போய்ச் சேர்ந்தபோது மணி மூன்று. பாறைக்குக் கீழே ஐயாயிரம் வருஷத்துப் பசுக்கள் நேற்று வரைந்த மாதிரி நின்றன. கழுத்தில் அலங்காரம், வயிற்றில் மடி, பக்கத்தில் கையை விரித்துக்கொண்டு ஒரு மனிதன். வொய்டெக் குகைக்குள்ளேயே தொப்பியைக் கழற்றினார்.

“வரைஞ்சவன் பேரு என்ன?” என்றான் நெட்டை.

“அது யாருக்குய்யா தெரியும்?”

“பட்டப்பேராவது இருந்திருக்கும். சுண்ணாம்பன்னு. இல்ல, மாட்டுக்காரன்னு.” அந்த விரித்த கைகளுக்குக் கீழே அவனும் கையை விரித்து நின்று பார்த்தான். “என்ன தப்புப் பண்ணிருந்தாலும் இந்த மாடு நல்லாத்தான் இருக்கு.”

வொய்டெக் பழைய அட்டை டிக்கெட்டுகள் மூன்றை எடுத்தார். வந்த ஞாபகமாக ஆளுக்கு ஒன்று. துளை போட்டு நெட்டையிடமும் கொடுத்தார்.

“இது எதுக்காம்?”

“போய்த் திரும்பி வர டிக்கெட்டாம்,” என்றார் ரோப்லே.

“எத்தனை நாளைக்குச் செல்லும்னு கேளுங்க.”

ரோப்லே கேட்டார். வொய்டெக் இதை வேடிக்கையாக எடுத்துக்கொள்ளவில்லை. டிக்கெட்டைத் திருப்பிப் படித்துப் பார்த்தே சொன்னார்.

“இன்னைக்கு மட்டுமாம்.”

“போதும்,” என்று சொல்லி அதை லுங்கி மடிப்பில் செருகிக்கொண்டான்.

திரும்பும் வழியில்தான் ஹாஜி ஊரின் ஓட்டை அடுத்த ஊரின் வயிற்றில் எரிந்தது தெரிந்தது. இரண்டு ஊருக்கும் தண்ணீர்த் தொட்டிச் சண்டை. போன வெயில் காலத்தில் இரண்டு பக்கமும் பிணம் விழுந்திருந்தது. வளைவில் ஆறு பேர் துப்பாக்கியோடு வழியை மறித்தார்கள்.

“அவங்க ஊர மட்டும் ஏத்துக்கிட்டாராமே வெள்ளைக்காரரு? எங்க ஊர் என்ன இளப்பமா? எறங்கச் சொல்லு. இன்னைக்கு எங்க ஊர்லதான் தங்கணும். மறுத்தா நாளைக்கும் தங்கணும்.”

ரோப்லே வண்டியை நிறுத்தினார். இவ்வளவு பெரிய பொய்யை அவர் சொல்லவே இல்லை. அதையும் நான் சொல்லவில்லை என்றுதானே சொன்னார்.

“நெட்டை, எறங்கு. துப்பாக்கியக் காட்டு.”

நெட்டை இறங்கினான். துப்பாக்கியை எல்லோரும் பார்க்கும்படி சாலை நடுவில் படுக்க வைத்தான். வெறுங்கையோடு நடந்து போனான். வண்டிக்குள்ளிருந்து பேச்சுக் கேட்கவில்லை. நெட்டை நெஞ்சைத் தொட்டு, விரலை மடக்கி மடக்கி ஏதோ சொன்னான். பாட்டன் பூட்டன் பெயர்களாக இருக்கும். மறித்தவர்களில் மூத்தவன் குனிந்து அவன் முகத்தை உற்றுப் பார்த்தான். பிறகு தன் துப்பாக்கியின் வாயைத் தரைக்குத் திருப்பினான். மற்றவர்களும் திருப்பினார்கள். போகும்போது மூத்தவன் நெட்டையின் தோளில் ஒரு கணம் கை வைத்தான்.

வண்டி நகர்ந்ததும் ரோப்லே கேட்டார். “என்னய்யா சொன்ன?”

“என் பேரச் சொன்னேன். அம்மா வெச்ச பேரு. வண்டில இருக்கறவர் என் விருந்தாளி, அவருக்கு ஒண்ணுன்னா என் கழுத்துதான் பதில் சொல்லணும்னு சொன்னேன்.”

“பேரச் சொன்னதுக்கா விட்டாங்க?”

“அது இந்தப் பக்கம் தெரிஞ்ச பேரு அண்ணே.”

“எல்லாம் சரி. துப்பாக்கிய எவனாவது தரையில வெப்பானா? நீயெல்லாம் ஒரு காவலா?”

நெட்டை துப்பாக்கியில் ஒட்டிய மணலைச் சட்டை ஓரத்தால் துடைத்துக்கொண்டிருந்தான். “இது கையில இருக்கும்போது எனக்குக் கோபம் வரக்கூடாது. ஒரு தடவ வந்துச்சு.”

வெயில் சாய ஆரம்பித்தது. ஒரு குன்றைக் காட்டி நெட்டை வண்டியை நிறுத்தச் சொன்னான்.

“அந்தக் குன்றுக்குப் பின்னாலதான் எங்க அம்மா இருக்கு. ஓடிப் போய் ஓடி வந்துடுவேன். அரை மணி நேரம்.”

ரோப்லேக்குப் போன மாசத்துக் கறிக்குழம்பு மூக்கில் ஏறியது. “ஆரம்பிச்சிட்டியா? ஒருத்தனுக்கு மாமியாரு, உனக்கு அம்மா. மக்ரிபுக்கு என்ன இருக்கு, ஒண்ணரை மணி நேரம். வல்லாஹி, ஒரு நிமிஷம்கூட நிக்க மாட்டேன்.”

“துப்பாக்கிய வண்டியிலயே வெச்சிட்டுப் போறேன்.”

“மூணும்னு சொன்னேன்ல? நாளைக்கு லீவு போட்டுட்டு வந்து பாத்துக்கோ. உங்க அம்மா எங்க ஓடியா போயிடும்?”

“அது ஓடாது,” என்றான் நெட்டை. கொஞ்ச நேரம் குன்றைப் பார்த்தான். ரோப்லே பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தார். இந்த நெட்டைக் கால்கள் ஓடினால் தன்னால் பிடிக்க முடியாது என்று அவருக்குத் தெரியும். துப்பாக்கியும் அவன் கையில்தான் இருந்தது. 

“சரி அண்ணே. உங்களுக்குக் கையி வேற சரியில்ல. அந்த வெள்ளைக்காரர என்னைய ஒரு படம் மட்டும் எடுக்கச் சொல்லுங்க. மலை, வண்டி எல்லாம் வேண்டாம். நான் மட்டும். துப்பாக்கி இல்லாம.”

வொய்டெக்கிடம் எடுத்தவுடன் படத்தைத் துப்பும் கேமரா இருந்தது. நெட்டை ‘நல்வரவு’ சட்டையைக் கழற்றி, தலையை ஈரக்கையால் வழித்துக்கொண்டு நின்றான். வெள்ளையாக வந்த தாளில் முதலில் கண்கள் தெரிந்தன, பிறகு முகம். அவன் அதை ஊதி ஊதிக் காயவைத்து ரோப்லேயிடம் கொடுத்தான்.

“இந்தப் பக்கம் வரும்போது அம்மாகிட்ட குடுத்துடுங்க. நெட்டையோட அம்மான்னா யாரும் காட்டுவாங்க.”

“நீயே குடேன்யா.”

“நீங்க குடுங்க. நீங்கதான் அடிக்கடி வர்றீங்க.”

ரோப்லே வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வண்டியை மிதித்தார். மிச்ச வழி முழுக்க அவசரப்படுத்தியது நெட்டைதான். “இன்னும் கொஞ்சம் மிதிங்க அண்ணே. பாங்கு சொல்லிடப் போறாங்க.” சாவடிகளில் எல்லாம் சலாம் வைத்துக் கயிற்றை இறக்கினார்கள்.

நிலையத்து வாசலில் வண்டி நின்றபோது பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் பாங்கு சொல்லும் மோதினார் தொண்டையைக் கனைத்துக்கொண்டிருந்தார். ரோப்லே ஒரு கையால் விருந்தாளியையும் மறு கையால் காவலாளியையும் இழுத்துக்கொண்டு உள்ளே ஓடினார். முற்றத்தின் நடுவில் தங்கப்பல் நின்றுகொண்டிருந்தார். காலையில் பார்த்த ஆளா என்று சந்தேகமாக இருந்தது. முகம் சாம்பல் பூத்துக் கிடந்தது. வெற்றிலை மாதிரி பச்சை இலையைப் போட்டு மெல்லும் வாய் வெறுமனே மென்றுகொண்டிருந்தது.

“எண்ணிக்கோங்க ஐயா! விருந்தாளி ஒண்ணு. காவலாளி ரெண்டு. துப்பாக்கி மூணு.”

தங்கப்பல் எண்ணவில்லை. “போன... ஏன்யா போன அணைச்சு வெச்ச? எழுபது தடவ கூப்பிட்டேன்.”

“அது தூதர்னு ஒரு புரளி ஐயா. நான் கிளப்பல.”

நெட்டை துப்பாக்கியைக் காலையில் இருந்த அதே சுவரில், அதே இடத்தில் சாய்த்து வைத்தான். வொய்டெக் அவன் கையைப் பிடித்துக் குலுக்கு குலுக்கென்று குலுக்கினார். தன் வாழ்நாளில் இவ்வளவு பத்திரமாக எந்த நாட்டிலும் உணர்ந்ததில்லை என்று சொன்னார். ரோப்லே அதையும் மொழிபெயர்த்தார். நெட்டை தலையாட்டிவிட்டு, தங்கப்பலிடம் கண்ணால் கேட்டுக்கொண்டு, குழாயடிக்குப் போய்த் தொழுகைக்காகக் கை கால் கழுவ உட்கார்ந்தான்.

காலையில் அவன் இருந்த பெஞ்சில் இப்போது இன்னொருவன் இருந்தான். அவனும் வளர்ந்தவன்தான். கையில் விலங்கு. கண் வீங்கியிருந்தது, அழுத மாதிரி. ஏதோ திருடன் என்று ரோப்லே நினைத்துக்கொண்டார்.

சீட்டு பிழைத்த சந்தோஷம் அவரைப் பேசச் சொன்னது. “ஐயா, ஒரு வார்த்தை. நல்ல ஆளத்தான் குடுத்தீங்க. ஆறு துப்பாக்கிய வெறுங்கையால திருப்பி அனுப்பினான். ஆனா கண்டிப்பு வேணும் இவங்களுக்கு. வழியில அம்மாவப் பாக்கணும்னு அடம். நான் விடுவேனா? நாளைக்குப் போய்ப் பாத்துக்கடான்னு சொல்லி இழுத்துட்டு வந்துட்டேன். பாருங்க, படம்கூட எடுத்துக்கிட்டான்.” சட்டைப்பையிலிருந்து படத்தை எடுத்து நீட்டினார்.

தங்கப்பல் வாயைத் திறந்தார். பல் தெரிந்தது. பள்ளிவாசலில் பாங்கு தொடங்கியது.

பெஞ்சில் இருந்தவன் விலங்கோடு இரண்டு கையையும் தூக்கிச் சுவரில் இருந்த துப்பாக்கியைக் காட்டினான்.

“அது என்னோடது அண்ணே, அஞ்சு நிமிஷம் டீ குடிக்கப் போன போலீஸ்கார நெட்டை நான்தான், நீங்க ஊர் சுத்திக் காட்டிக் கூட்டிட்டு வந்திருக்கறது, நாளைக்கு விடிஞ்சதும் நாங்க சுட வேண்டிய நெட்டைய.”